கேட்டபின் கையெழுத்திடுங்கள்

கூட்டுறவுத் துணைப் பதிவாளர்களுக்கும், சார்பதிவாளர்களுக்கும், சங்கப் பிடித்தத்தைக் கையாளும் சம்பளப் பிரிவு அலுவலர்களுக்கும் ஒரு திறந்த மடல்



பணியாளர் கூட்டுறவு சிக்கன நாணயச் சங்கம் ஒன்றின் நிர்வாகக் குழுவில் இருந்தேன். எந்தச் சங்கம், எந்தத் துறை, எந்த மாவட்டம் என்று இங்கே எழுதப்போவதில்லை. எங்களுக்கு நேர்ந்தது எந்த ஊர்ச் சங்கத்துக்கும் நேரக்கூடியது. ஒரு சங்கத்தின் கடன் பட்டுவாடாவை நிறுத்தவும், வங்கிக் கணக்கை முடக்கவும், நிர்வாகக் குழுவைக் கலைக்கவும் உங்களுக்கு அதிகாரம் இருக்கிறது. அது இருக்கத்தான் வேண்டும் என்று நினைக்கிறேன். அதைக் கையில் எடுப்பதற்கு முன் எங்கள் தரப்பைக் கேளுங்கள், கேட்பதைச் சடங்காக்காமல் மனத்தோடு கேளுங்கள் என்பதற்காகவே இந்த மடல்.

கோப்பில் தெரியாத சிலவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். உங்கள் மேசைக்கு வரும்போது எங்கள் சங்கம் ஒரு பதிவு எண்ணாகவும், ஒரு தணிக்கை வகைப்பாடாகவும், தவணை தவறிய கடனின் விழுக்காடாகவும் வருகிறது. உறுப்பினருக்கு அது சம்பளச் சீட்டில் 'சொசைட்டி' என்று எழுதிய ஒரு வரி. சிக்கனச் சேமிப்பு, கடன் தவணை, வட்டி எல்லாம் அந்த ஒரு வரிக்குள் அடங்கிவிடும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் நூறோ இருநூறோ பிடிக்கத் தொடங்கி, ஓய்வுபெறும் மாதம்வரை அந்த வரி கூடவே வரும். கடன் வேண்டுமானால் பக்கத்து மேசைக்காரரும் பழைய செக்‌ஷன் நண்பரும் ஜாமீன் போடுவார்கள். ஜாமீன் போட்டவருக்குக் கடன் வாங்கியவரின் வீடு தெரியும், மகளின் கல்யாணத் தேதி தெரியும், எந்த மாதம் அவர் தடுமாறுவார் என்பதும் தெரியும். எந்த வங்கியின் கடன் பிரிவுக்கும் கிடைக்காத தகவல் இது. சங்கங்கள் சொத்து அடமானம் இல்லாமல் கடன் கொடுத்துத் திரும்ப வாங்க முடிவது இதனால்தான்.

ஜூன் மாதம் இந்த ஏற்பாட்டின் அருமை தெரியும். பள்ளிக் கட்டணம், கல்லூரிச் சேர்க்கை, விடுதி முன்பணம் எல்லாம் ஒரே வாரத்தில் வந்து நிற்கும். மே கடைசியிலேயே எங்கள் அலுவலக வாசலில் விண்ணப்பத்தோடு ஆட்கள் நிற்பார்கள். அந்த நேரத்தில் 'மறு உத்தரவு வரும்வரை கடன் வழங்கக் கூடாது' என்று ஒரு தாள் வந்தால் கட்டணத்தின் கடைசித் தேதி தள்ளிப்போகாது. அந்தத் தொழிலாளி வட்டிக்கு விடுபவரிடம் போவார். கந்துவட்டியைத் தடுக்க 2003-இல் தனிச் சட்டமே கொண்டுவந்த மாநிலம் இது. சங்கத்தின் கதவைச் சாத்தும் ஒவ்வொரு உத்தரவும் சிலரையாவது அந்தச் சட்டம் தடுக்க நினைத்த இடத்துக்கே அனுப்பிவைக்கிறது. உத்தரவைத் தயாரிக்கும்போது இந்தப் பக்கத்தையும் யாராவது எடுத்துச் சொல்ல வேண்டாமா? எடுத்துச் சொல்லக்கூடியவர்கள் நாங்கள்தான்.

கூட்டுறவுச் சங்கத்தின்மேல் சட்டமே தனி நம்பிக்கை வைத்திருந்தது. 1936-ஆம் ஆண்டின் ஊதியம் வழங்கல் சட்டம், தொழிலாளியின் சம்பளத்தில் மொத்தப் பிடித்தம் 50 விழுக்காட்டைத் தாண்டக் கூடாது என்றது. கூட்டுறவுச் சங்கத்துக்கான பிடித்தமும் சேர்ந்திருந்தால் மட்டும் 75 விழுக்காடுவரை போகலாம் என்று விலக்கு கொடுத்தது. 2019-இன் ஊதியச் சட்டத் தொகுப்பு வரம்பை 50 விழுக்காட்டிலேயே நிறுத்திவிட்டது. அது நல்லதா கெட்டதா என்பது வேறு விவாதம். இத்தனை காலம் தொழிலாளியின் சம்பளத்தில் முக்கால் பங்குவரை கை வைக்கலாம் என்று சட்டமே நம்பிய ஓர் அமைப்பின் வாயை, அதை முடக்கும் நாளில் மட்டும் கட்டிவைப்பது எப்படி முறையாகும்?

இனி எங்களுக்கு நடந்தது.

வெள்ளிக்கிழமை மாலை, அலுவலகம் மூடும் நேரத்தில் ஒரு அறிவிப்பு வந்தது. மூன்று நிதியாண்டுகளில் வழங்கிய கடன்களில் விதிமீறல் இருப்பதாகத் தெரிகிறது. நிர்வாகக் குழுவின் மீது ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்பதற்குத் திங்கட்கிழமை காலை 11 மணிக்குள் எழுத்துமூலம் விளக்கம் தர வேண்டும். எந்தக் கடன், யாருக்குக் கொடுத்தது, எந்த விதி, எந்தத் துணைவிதி என்று ஒன்றும் இல்லை. 'பல்வேறு கடன்கள்' என்று மட்டும் இருந்தது. கடன் பேரேடு, தீர்மானப் புத்தகம், ஜாமீன் பத்திரக் கோப்பு எல்லாவற்றையும் அதற்கு முந்தைய வாரமே ஆய்வு அலுவலர் எடுத்துப் போயிருந்தார். எடுத்துப் போனதற்கு ஒப்புகைச் சீட்டு கொடுத்திருந்தார், அது சரி. அந்தச் சீட்டை வைத்துக்கொண்டு மூன்று வருடக் கடனுக்கு விளக்கம் எழுத முடியுமா? எங்கள் செயலாளர் சனிக்கிழமை முழுவதும் ஞாபகத்திலிருந்து எழுத உட்கார்ந்தார். நாலு பக்கம் எழுதினார். அதில் ஒரு தேதி தவறாகப் போயிற்று. பின்னால் வந்த உத்தரவில் 'சங்கத்தின் விளக்கம் ஆவணங்களோடு முரண்படுகிறது' என்று அந்தத் தேதிதான் காட்டப்பட்டது.

செவ்வாய்க்கிழமை கணக்கு முடக்கப்பட்டது. அந்த மாதம் ஓய்வுபெற்றிருந்த ஓர் ஓட்டுநர் தன் சிக்கனச் சேமிப்பையும் பங்குத் தொகையையும் வாங்க வந்திருந்தார். கவுன்ட்டரில் இருந்த பெண், "அண்ணே, கணக்கை முடக்கி வச்சிருக்காங்க. இப்ப ஒண்ணும் எடுக்க முடியாது" என்றார். "என் பணம்தானேம்மா? நான்தான் போன வருஷமே கடனை அடைச்சிட்டேனே" என்றார் அவர். அந்தப் பெண்ணிடம் பதில் இல்லை. என்னிடமும் இல்லை. அவர் கேட்ட கேள்விக்கு அந்த உத்தரவின் எந்த வரியிலாவது விடை இருந்திருந்தால் நான் இந்த மடலை எழுதியிருக்க மாட்டேன் என்று நினைக்கிறேன்.

விளக்கம் கேட்பதற்குத் தேவையானவை அதிகம் இல்லை. என்ன குற்றச்சாட்டு என்று பெயர், தேதி, தொகையோடு சொல்லுங்கள். எதை ஆதாரமாக வைத்திருக்கிறீர்களோ அதன் நகலைக் கொடுங்கள். பேரேடு உங்களிடம் இருந்தால், உங்கள் அலுவலகத்திலேயே உட்கார்ந்து பார்த்துக் குறிப்பெடுக்க அனுமதியுங்கள். படித்துப் பார்த்துப் பதில் எழுத நியாயமான நாட்கள் கொடுங்கள். இந்தப் பழக்கம் உங்களுக்குப் புதிதும் இல்லை. தணிக்கையில் குறை கண்டால் குறை வாரியாக எழுதி அனுப்பி, நிவர்த்தி அறிக்கை கேட்கிறீர்கள். நாங்கள் ஒவ்வொன்றுக்கும் பதில் எழுதுகிறோம். சில குறைகள் நீங்கிவிடுகின்றன, சில நிற்கின்றன. வழக்கமான தணிக்கையிலேயே இவ்வளவு பொறுமை காட்டும் துறை, சங்கத்தின் உயிர்நாடியில் கை வைக்கும் நேரத்தில் அதைவிடக் கூடுதலாகவே காட்ட வேண்டும்.

1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் படிப்படியாகத்தான் போகிறது. 81-ஆவது பிரிவு விசாரணைக்கு, 82 ஆய்வுக்கு, 87 தண்டத்தீர்வைக்கு, 88 நிர்வாகக் குழுவைக் கலைப்பதற்கு. ஒவ்வொரு படியிலும் கேட்க வேண்டிய கேள்வி வேறு. விசாரணையில் என்ன நடந்தது என்று பார்க்கிறீர்கள். தண்டத்தீர்வையில் யாரால் எவ்வளவு நட்டம் என்று கணக்கிடுகிறீர்கள். கலைப்பில், இந்தக் குழு இனியும் சங்கத்தை நடத்தத் தகுதியுள்ளதா என்று முடிவெடுக்கிறீர்கள். நடைமுறையில் இந்தப் படிகள் ஒன்றோடொன்று குழம்பிவிடுகின்றன. 81 அறிக்கை வந்த அன்றே அது தீர்ப்பாகிவிடுகிறது. அதில் எழுதியதை அப்படியே எடுத்து 88 அறிவிப்பில் ஒட்டுகிறார்கள். அறிக்கையின் நகல்கூடச் சங்கத்துக்கு வருவதில்லை. விசாரணை அலுவலர் முன்னால் சொல்ல வேண்டியதைச் சொல்லியாகிவிட்டதே, இன்னும் என்ன என்கிறார்கள். விசாரணை அலுவலர் கேட்டது தகவல். அந்தத் தகவலிலிருந்து நீங்கள் எடுத்த முடிவுக்கு நாங்கள் இன்னும் பதில் சொல்லவே இல்லை.

கலைப்பு உத்தரவுகளில் திரும்பத் திரும்ப வரும் ஒரு தொடர் 'நிர்வாக நலன் கருதி'. யாருடைய நலன், எந்த விதத்தில், வேறு வழி ஏன் போதாது என்று அதற்குப் பின்னால் ஒரு பத்தி இருந்தால் அந்தத் தொடரோடு எனக்கு வழக்கில்லை. பெரும்பாலும் அந்தப் பத்தி இருப்பதில்லை. கேட்டால், 'மேலிடத்திலிருந்து சொன்னார்கள்' என்று வாய்மொழியாகச் சொல்வார்கள். இதற்கு உச்ச நீதிமன்றம் 1951-லேயே விடை சொல்லிவிட்டது. பம்பாயின் அந்தேரியில் திரையரங்கு கட்ட கோர்தன்தாஸ் பான்ஜி என்பவருக்குப் போலீஸ் கமிஷனர் அனுமதி கொடுத்தார். பிறகு, அரசின் உத்தரவுப்படி அனுமதி ரத்து என்று ஒரு கடிதம் அனுப்பினார். முடிவெடுக்கும் அதிகாரத்தைச் சட்டம் கமிஷனரிடம் கொடுத்திருக்கிறது, வேறொருவரின் முடிவை அவர் கொண்டுசேர்த்தால் அது சட்டப்படியான ரத்து ஆகாது என்றது நீதிமன்றம். பொது அதிகாரி இடும் உத்தரவை அதில் எழுதியிருப்பதை வைத்துத்தான் படிக்க வேண்டும், பின்னால் வந்து விளக்கம் சேர்க்க முடியாது என்பதையும் அதே தீர்ப்பு சொன்னது. துணைப் பதிவாளரின் கையெழுத்துக்கு இதில் பெரிய மரியாதை இருக்கிறது. சட்டம் உங்களை நம்பித்தான் அதிகாரத்தை உங்கள் பெயரில் எழுதிவைத்திருக்கிறது.

'தவறு வெட்டவெளிச்சம், கேட்டாலும் இதே முடிவுதான்' என்ற வாதத்தையும் பலமுறை கேட்டிருக்கிறேன். 1980 பிப்ரவரியில் புது தில்லி நகராட்சிக் குழு, உறுப்பினர்களைக் கேட்காமலே கலைக்கப்பட்டது. வழக்கு எஸ்.எல். கபூர் எதிர் ஜக்மோகன் என்ற பெயரில் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. கேட்டிருந்தாலும் மாற்றம் வந்திருக்காது என்ற வாதத்தை நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய தீர்ப்பு ஏற்கவில்லை. கேட்காமல் விட்டதே பாதிப்புதான், வேறு பாதிப்பைத் தனியாக நிரூபிக்கத் தேவையில்லை என்றது. கேட்க மறுத்தவரே எழுந்து, கேட்காததால் உனக்கு ஒன்றும் ஆகிவிடவில்லை என்று சொல்வது பொருந்தாது என்ற கருத்தும் அதில் உண்டு.

அந்தத் தீர்ப்பின் கடைசிப் பகுதியைப் படிக்கும்போது எனக்கு வருத்தம்தான் வரும். தீர்ப்பு வந்தது செப்டம்பரில். குழுவின் பதவிக்காலம் அக்டோபர் தொடக்கத்தில் முடியவிருந்தது. அதனால் கலைப்பு தவறு என்று அறிவித்த நீதிமன்றம், உத்தரவை ரத்து செய்து குழுவைத் திரும்ப உட்காரவைக்கவில்லை. வென்றவர்களுக்குக் கையில் கிடைத்தது ஒரு சட்டக் கோட்பாடு. கூட்டுறவுச் சங்க வழக்குகளில் இது அன்றாடம் நடப்பது. 1983 சட்டத்தின் 152-ஆவது பிரிவில் மேல்முறையீடு, 153-இல் சீராய்வு, அப்புறம் உயர் நீதிமன்றம் என்று நடந்து முடிப்பதற்குள் குழுவின் காலம் போய்விடும், ஜூன் மாதங்களும் போய்விடும். மேல்முறையீடு இருக்கிறதே என்று ஆறுதல் சொல்லும் அலுவலர்கள் இந்தக் கணக்கைப் பார்க்க வேண்டும். முதல் கட்டத்தில் கிடைக்காத நியாயம் பெரும்பாலும் உறுப்பினருக்குக் கிடைக்காமலே போகிறது.

விதிவிலக்கும் உண்டு. மத்தியப் பிரதேசத்தின் பன்னா மாவட்டக் கூட்டுறவு மத்திய வங்கியின் இயக்குநர் குழுவை இணைப் பதிவாளர் 2011 செப்டம்பரில் கலைத்தார். கலைப்பதற்கு முன் ரிசர்வ் வங்கியைக் கலந்தாலோசிக்க வேண்டும் என்பது சட்டம். அந்தக் கலந்தாலோசனை முறையாக நடக்கவில்லை. ஒரு நகலை அனுப்பிவைத்தால் ஆலோசனை ஆகிவிடாது, குற்றச்சாட்டுக்கு வங்கி கொடுத்த பதிலும் ஆவணங்களும் ஆலோசனை சொல்பவர் முன் இருக்க வேண்டும் என்று 2013 மே மாதம் உச்ச நீதிமன்றம் கூறியது. கலைப்பினால் இழந்த காலத்தை அந்தக் குழு திரும்பப் பதவியில் இருந்து முடிக்கலாம் என்றது. மாநில அரசுக்கு 1 லட்சம் ரூபாய் செலவுத்தொகை விதித்தது. தனியாக 10,000 ரூபாய், உத்தரவிட்ட இணைப் பதிவாளரின் சம்பளத்திலிருந்து. அரசியல் அழுத்தத்துக்கு இடம்கொடுத்துக் குழுக்களைக் கலைக்கும் போக்கையும் கடுமையாகச் சுட்டிக்காட்டியது. கூட்டுறவுத் துறையின் பயிற்சி வகுப்புகளில் இந்தத் தீர்ப்பை முழுதாகப் படிக்கவைக்க வேண்டும் என்பது என் ஆசை.

உங்கள் பக்கத்து நியாயத்தையும் மறைக்காமல் சொல்கிறேன். சங்கங்களில் மோசடி நடக்கிறது. இறந்தவர் பெயரில் கடன், ஜாமீன்தாருக்கே தெரியாத ஜாமீன் கையெழுத்து, இயக்குநர்கள் ஒருவருக்கொருவர் வரம்பு மீறிக் கொடுத்துக்கொண்ட தொகை, வாராக்கடனை மறைக்கப் புதுக் கடன். இவற்றால் கடைசியில் ஏமாறுவதும் எங்கள் உறுப்பினர்தான். இன்று மாலை பணம் வெளியே போகப்போகிறது என்று தெரிந்தால், அறிவிப்பு அனுப்பிப் பத்து நாள் காத்திருக்கச் சொல்ல நான் பைத்தியக்காரன் இல்லை. உடனே நிறுத்துங்கள். நிறுத்திய கையோடு கேளுங்கள். ஒரு வாரத்துக்குள் கேட்டு, உத்தரவு நீடிக்க வேண்டுமா என்று புதிதாக முடிவெடுங்கள்.

அவசரம் என்பது கேட்கும் கடமையை அழித்துவிடுவதில்லை என்பதற்குப் பக்கத்து ஊர்ச் சம்பந்தமுள்ள வழக்கே இருக்கிறது. புதுச்சேரியிலும் ஆலை வைத்திருந்த சுதேசி காட்டன் மில்ஸ் நிறுவனத்தின் நிர்வாகத்தை 1978-இல் மத்திய அரசு எடுத்துக்கொண்டது. உடனடி நடவடிக்கை தேவைப்பட்டால் விசாரணை இல்லாமலே எடுத்துக்கொள்ளலாம் என்று அதற்கு வழிசெய்த சட்டம் சொன்னது. விசாரணை வேண்டாம் என்பதற்குக் கேட்கவே வேண்டாம் என்று பொருளில்லை என்று 1981 ஜனவரியில் உச்ச நீதிமன்றத்தின் பெரும்பான்மைத் தீர்ப்பு சொன்னது. முழுமையாகக் கேட்பதாக அரசு நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டது. தொழிலாளர்களின் பிழைப்பே கேள்விக்குறியாக நின்ற ஆலைகள் அவை. அந்த நெருக்கடியிலும் முதலாளியின் பேச்சைக் கேட்டாக வேண்டும் என்றால், தொழிலாளிகளே சேர்ந்து நடத்தும் சங்கத்தின் பேச்சைக் கேட்கக்கூடாதா?

இன்னும் அருகில் வருகிறேன். வங்கிக் கடனை 'மோசடி' என்று வகைப்படுத்துவதற்கு முன் கடன் வாங்கியவருக்கு அறிவிப்பு கொடுத்து, தணிக்கை அறிக்கையின் முடிவுகளுக்குப் பதில் சொல்ல வாய்ப்பளித்து, காரணம் எழுதிய உத்தரவு தர வேண்டும் என்று பாரத ஸ்டேட் வங்கி எதிர் ராஜேஷ் அகர்வால் வழக்கில் 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மோசடி முத்திரை விழுந்தால் நிறுவனங்களிடம் கடன் வாங்கும் வழியே அடைபடுகிறது, பெயரும் கெடுகிறது என்பது அதன் காரணம். சங்கம் முடங்கும்போது எங்கள் உறுப்பினர்களுக்கு நேர்வதும் இதுவே. அவர்களில் பெரும்பாலோர் ஒரு தவறும் செய்யாதவர்கள் என்பது கூடுதல் கொடுமை.

அதனால்தான் உத்தரவின் அளவைப் பற்றி அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். இயக்குநர் ஒருவரின் கடனில் சந்தேகம் என்றால் இயக்குநர்களுக்கான கடனை நிறுத்தலாம். குறிப்பிட்ட தொகைக்கு மேற்பட்ட கடனுக்கு உங்கள் முன் அனுமதி வேண்டும் என்று வைக்கலாம். காசோலையில் சார்பதிவாளர் ஒருவரின் மேலொப்பம் கேட்கலாம். ஓய்வுபெற்றவருக்கும் இறந்தவரின் குடும்பத்துக்கும் சேரவேண்டிய தொகை, மருத்துவ அவசரக் கடன் ஆகியவற்றை எந்தத் தடையிலிருந்தும் விலக்கி வைக்கலாம். எத்தனை நாளுக்கு இந்தத் தடை என்று தேதி போடலாம். எங்கள் உத்தரவில் தேதி இல்லை. 'மறு உத்தரவு வரும்வரை' என்பது அலுவலகக் கோப்பில் சாதாரணத் தொடர்; அந்த ஓட்டுநர் வீட்டில் அது அப்படி இருந்திருக்காது. சங்கத்தைக் கேட்டிருந்தால் இந்த மாற்று வழிகளில் ஒன்றையாவது நாங்களே எழுதிக் கொடுத்திருப்போம். கேட்பதால் கிடைக்கும் பெரிய நன்மை இது: எங்கே வெட்டினால் நோய் போகும், எங்கே வெட்டினால் உயிர் போகும் என்பது உள்ளே இருப்பவர்களுக்குத் தெரியும்.

உறுப்பினர்களின் நிலை சட்டத்தில் சற்றுச் சிக்கலானது. கூட்டுறவுச் சங்கத்தில் சேர்ந்த பிறகு உறுப்பினர் சங்கத்தின் வழியாகத்தான் பேச முடியும், சட்டமும் துணைவிதியும் கொடுத்ததைத் தவிர அவருக்குத் தனி உரிமை இல்லை என்று தமன் சிங் எதிர் பஞ்சாப் அரசு வழக்கில் 1985-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. சங்கங்களை இணைக்கும் விவகாரத்தில் சங்கத்துக்கு அறிவிப்பு கொடுத்தால் போதும், ஒவ்வொரு உறுப்பினருக்கும் தனித்தனியாகத் தர வேண்டியதில்லை என்றது. ஆயிரம் பேருக்குத் தனித்தனியே அறிவிப்பு அனுப்புங்கள் என்று நானும் கேட்கவில்லை. ஆனால் குழுதான் குற்றம் சாட்டப்பட்டிருக்கிறது என்றால் சங்கத்துக்காகப் பேசுவது யார்? குழு தன்னைக் காத்துக்கொள்ளப் பேசும். உறுப்பினரின் நலனைப் பேச ஆள் இருக்காது. அறிவிப்பின் சுருக்கத்தைத் தமிழில் எழுதிச் சங்கத்தின் பலகையில் ஒட்டச் சொல்லலாம். உறுப்பினர் எவரும் ஒரு வாரத்துக்குள் கருத்து எழுதித் தரலாம் என்று அதில் சேர்க்கலாம். முடிந்த இடங்களில் சிறப்புப் பேரவைக் கூட்டம் கூட்டலாம். சட்டம் கட்டாயப்படுத்தாவிட்டாலும் செய்யத் தடையில்லை. குழுவின் மீது புகார் இருப்பது உறுப்பினர்களுக்குத் தெரிந்தால், உங்களுக்குக் கிடைக்காத சாட்சியமும் கிடைக்கும்.

2012-இல் நடைமுறைக்கு வந்த 97-ஆவது அரசியலமைப்புத் திருத்தம், கூட்டுறவுச் சங்கக் குழுவை ஆறு மாதத்துக்கு மேல் கலைத்து வைக்கக் கூடாது என்பது உட்படப் பல பாதுகாப்புகளைக் கொண்டுவந்தது. மாநிலங்களின் ஒப்புதல் பெறாத காரணத்தால், பல மாநிலங்களில் இயங்கும் சங்கங்கள் நீங்கலாக மற்றவற்றுக்கு அந்தப் பகுதி செல்லாது என்று 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. மாநில உரிமை காக்கப்பட்டது. அதில் எனக்கு மகிழ்ச்சியே. அதே திருத்தத்தால் 19-ஆவது பிரிவில் சேர்ந்த, கூட்டுறவுச் சங்கம் அமைக்கும் அடிப்படை உரிமை அப்படியே நிற்கிறது. கூட்டுறவு மாநிலத்தின் பொருள் என்று உறுதியான பின், மாநிலத்தின் அலுவலர்கள் அந்த உரிமைக்கு ஒரு படி கூடுதலான மதிப்பைக் காட்ட வேண்டும்.

சம்பளப் பிரிவு அலுவலர்களுக்கு இனி எழுதுகிறேன். சட்டத்தின் எந்தப் பிரிவையும் தொடாமல் ஒரு சங்கத்தை மூடிவிடக்கூடியவர்கள் நீங்கள். 'இம்மாதம் முதல் சொசைட்டி பிடித்தம் நிறுத்தப்படுகிறது' என்று ஒரு வரிச் சுற்றறிக்கை போதும். பிடித்தம் நின்ற மறுமாதமே தவணைகள் தவறும். சங்கம் மத்தியக் கூட்டுறவு வங்கிக்குக் கட்ட வேண்டிய தொகை நிலுவையாகும். மூன்றாம் மாதம் அந்த நிலுவையையே காரணம் காட்டித் துறை அறிவிப்பு அனுப்பும். பிடித்தம் செய்த பணத்தைச் சங்கத்துக்கு அனுப்பாமல் நிறுவனத்தின் செலவுக்கு வைத்துக்கொள்வதும் நடக்கிறது. உறுப்பினரின் சம்பளச் சீட்டில் தவணை கட்டியதாக இருக்கும், சங்கப் பேரேட்டில் தவறியதாக இருக்கும். நிர்வாகத்தோடு தொழிற்சங்கம் மோதும் காலத்தில் சங்க அலுவலகத்தைக் காலிசெய்யச் சொல்வது, வளாகத்துக்குள் சங்க ஊழியரை விடாதிருப்பது போன்றவையும் உண்டு. இவை நிர்வாக நடவடிக்கைகள், இவற்றுக்கு யாரையும் கேட்கத் தேவையில்லை என்று நினைக்காதீர்கள். பிடித்தத்தை நிறுத்துவதென்றால் சங்கத்துக்கு முன்கூட்டியே எழுதுங்கள், காரணம் சொல்லுங்கள், பதிவாளர் அலுவலகத்துக்கும் நகல் அனுப்புங்கள். துணைப் பதிவாளர்களே, தவணை தவறியதென்று சங்கத்தைக் கேட்பதற்கு முன், பிடித்த பணம் வந்து சேர்ந்ததா என்று அந்த நிறுவனத்தைக் கேளுங்கள்.

குழு கலைக்கப்பட்ட சங்கத்தில் செயலாட்சியராகவோ தனி அலுவலராகவோ பொறுப்பேற்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். பெரும்பாலும் உங்களுக்கு நாலைந்து சங்கங்களின் பொறுப்பு சேர்ந்தே இருக்கும். வாரத்தில் ஒரு நாள்தான் வர முடியும் என்பது எங்களுக்குப் புரிகிறது. அந்த ஒரு நாள் எது என்று பலகையில் எழுதிவையுங்கள். நீங்கள் அங்கே இருப்பது தேர்தல் நடந்து அடுத்த குழு வரும்வரைதான். புது உறுப்பினர்களைச் சேர்த்து வாக்காளர் பட்டியலை மாற்றும் அதிகாரம் செயலாட்சியருக்குக் கிடையாது என்று கேரள வழக்கொன்றில் 2000-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதை நினைவில் வையுங்கள்.

எங்கள் சங்கத்தின் கணக்கு பிறகு திறக்கப்பட்டது. குறிப்பிட்ட சில கடன்களில் தவறு இருந்தது, அதற்குரியவர்களிடம் வசூலிக்கப்பட்டது. மற்றவற்றில் குறை இல்லை என்று எழுதி முடித்தார்கள். முதல் வாரத்திலேயே பேரேட்டை எங்கள் முன் வைத்து ஒரு நாள் உட்கார்ந்து கேட்டிருந்தால் இதே முடிவு அப்போதே வந்திருக்கும். தவறு செய்தவர் தப்பியிருக்க மாட்டார், ஓட்டுநரும் காத்திருந்திருக்க மாட்டார்.

உங்களில் பலர் நேர்மையானவர்கள். கிராமத்துச் சங்கங்களைக் கொள்ளையிலிருந்து காப்பாற்றியவர்களை நான் அறிவேன். அப்படிப்பட்ட உங்களிடம்தான் கேட்கிறேன். அடுத்த முறை ஒரு பணியாளர் சங்கத்தின் கோப்பு உங்கள் மேசைக்கு வரும்போது, குற்றச்சாட்டு தெளிவாக இருக்கிறதா, ஆவணம் கொடுத்தோமா, பதிலைப் படித்தோமா, அந்தப் பதில் ஏன் போதவில்லை என்று உத்தரவில் எழுதினோமா, ஓய்வுபெற்றவரின் பணத்தைத் தனியே விலக்கினோமா, தடைக்கு முடிவுத் தேதி போட்டோமா என்று பாருங்கள். ஒன்று குறைந்தாலும் கோப்பைத் திருப்பி அனுப்புங்கள்.

அன்புடன்,
பணியாளர் சங்கம் ஒன்றின் முன்னாள் இயக்குநர்